ஆரியபடாள் வாசலுக்கு இந்தப் பக்கம்

ஸ்ரீரங்கம் பெரிய கோயிலில் துலுக்க நாச்சியாருக்குத் தினமும் ரொட்டியும் வெண்ணெயும் அமுது செய்விக்கிறார்கள். அர்ச்சுன மண்டபத்தை ஒட்டி அவளுக்குச் சின்னதாக ஒரு சந்நிதி. உள்ளே விக்கிரகம் கிடையாது, சுவரில் எழுதிய சித்திரம்தான். டில்லி சுல்தானின் மகள், அரங்கன்மேல் ஆசை வைத்து இங்கே வந்து உயிரை விட்டவள் என்பது ஐதீகம். அவள் பொருட்டு விசேஷத் திருமஞ்சன நாட்களில் பெருமாளுக்குக் கைலி சாத்தும் வழக்கமும் இருக்கிறது.

இதில் எதையும் நான் நேரில் பார்த்ததில்லை. நான் பாலக்கரை ராவுத்தர் வீட்டுப் பிள்ளை. கருட மண்டபம் தாண்டி ஆரியபடாள் வாசல்வரை போவேன். அதற்கு அந்தப் பக்கம் இந்துக்களுக்கு மட்டும் என்பது விதி. ராஜகோபுரம் எழும்பிக்கொண்டிருந்த வருடங்களில் ஒரு தமிழ் நாளிதழின் திருச்சிப் பதிப்பில் நிருபராகச் சேர்ந்தேன். ஸ்ரீரங்கத்தையும் என் பொறுப்பில் விட்டார்கள். கூட வந்த போட்டோகிராபர் உத்தர வீதி ஐயங்கார், என்னைவிட மூத்தவர். உள்ளே நடப்பதைப் பார்த்துவிட்டு வந்து அவர் சொல்வார், வெளியே உட்கார்ந்து நான் எழுதுவேன். அவர் சொல்லும் விதமே தனி. "பாய், மொதல்ல திரையைப் போட்டா. அப்புறம் சேவை ஆச்சு. நடுவிலே என்ன நடந்ததுன்னு என்னைக் கேக்காதீர், திரைக்குள்ளே நானும் இல்லே." பார்க்காததைப் பார்த்ததாகச் சொல்லமாட்டார். செய்தித் தொழிலின் முதல் பாடத்தை அவரிடம்தான் படித்தேன்.

அந்தத் தொழிலில் நான் எழுதியதில் பெரும்பங்கு சண்டைதான். சாதிச் சண்டை, மதச் சண்டை, சிலைச் சண்டை, கல்லறைச் சண்டை. திருச்சியில் எங்கே கல் விழுந்தாலும் என்னை அனுப்புவார்கள். கல் விழுந்தது எத்தனை மணிக்கு, எத்தனை பேர் கைது, யார் யார் அறிக்கை என்று எழுதிவிட்டால் அன்றைய வேலை முடிந்தது. மறுநாள் அந்தத் தெருவில் கடைகள் திறந்தன என்று ஒரு வரி போடுவோம். எப்படித் திறந்தன, யார் யாரிடம் போய்ப் பேசினார்கள், எதை விட்டுக்கொடுத்தார்கள் என்பதற்குப் பக்கத்தில் இடம் இருந்ததில்லை. அந்தக் கேள்விகள்தான் என்னிடம் தங்கிவிட்டன. இந்த ஊர் தன் பழைய சண்டைகளை எங்கே எப்படிக் கொண்டுபோய் வைத்திருக்கிறது என்று தேடிப் படித்ததையும், தெருவில் நின்று பார்த்ததையும் சேர்த்து எழுதுகிறேன்.

முதலில் 1323. அதைச் சுற்றிவளைத்துச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. 1311இல் மாலிக் கபூரின் படை தமிழ்நாட்டுக்குள் வந்துபோனது. பன்னிரண்டு ஆண்டு கழித்து, பின்னாளில் முகமது பின் துக்ளக் என்று பெயர் பெற்ற உலுக் கான் அனுப்பிய படை வந்தது. கோயிலின் வரலாற்றைச் சொல்லும் கோயிலொழுகு இந்த இரண்டையும் தனித்தனியாக நினைவில் வைத்திருக்கிறது. இரண்டாவது படையெடுப்பின் கொலைகளுக்குப் பன்றியாழ்வான் மேட்டுக் கலகம் என்று பெயர். வெட்டுண்டவர்கள் பன்னிரண்டாயிரம் பேர் என்பது வைணவ மரபின் கணக்கு. எண்ணிக்கையைப் பற்றி ஆராய்ச்சியாளர்கள் பேசலாம். ஊர் அழிந்தது என்பதில் சந்தேகமில்லை.

படை வருவது தெரிந்ததும் மூலவரின் முன்னே கல்லால் சுவர் எழுப்பி மறைத்தார்கள். உற்சவ மூர்த்தியைத் தூக்கிக்கொண்டு பிள்ளை லோகாசாரியார் தெற்கே போனார். தள்ளாத வயது. மதுரைக்குப் பக்கத்தில் ஜோதிஷ்குடியில் அவர் உயிர் பிரிந்தது. வேதாந்த தேசிகர், சுதர்சன சூரியின் இரண்டு பிள்ளைகளையும் அவர் எழுதிய சுருதப்பிரகாசிகை ஓலைச்சுவடியையும் காப்பாற்றிக்கொண்டு மேற்கே போனார். பிணங்களுக்கு நடுவே பிணமாகக் கிடந்து தப்பினார் என்று சொல்வார்கள். மூர்த்தி மலையாள தேசம், மேல்கோட்டை, திருமலை என்று அலைந்தது. 1371இல், விஜயநகர இளவரசன் குமார கம்பணனின் தளபதி கோபண்ணாரியர் செஞ்சியிலிருந்து கொண்டுவந்து சேர்க்கும்வரை ஊர் திரும்பவில்லை. கோபண்ணரின் புகழ் பாடும் இரண்டு சமஸ்கிருதச் சுலோகங்கள் சக ஆண்டு 1293 என்ற குறிப்போடு இன்றும் கோயில் சுவரில் இருக்கின்றன.

நாற்பத்தெட்டு ஆண்டுகள். பிறந்த பிள்ளை தாத்தாவாகும் காலம். மூர்த்தி திரும்பியபோது நடந்ததாகச் சொல்லப்படும் ஒரு நிகழ்ச்சியைத்தான் இந்த ஊர் வரலாற்றிலேயே நான் மிகவும் மதிக்கிறேன்.

பெருமாள் இல்லாத காலத்தில் வேறொரு மூர்த்தியைச் செய்து வைத்துப் பூஜை நடத்திவந்தார்கள். இப்போது பழையவர் என்று சொல்லி ஒருவரைக் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள். எது உண்மையான மூர்த்தி? பழையவரைக் கண்ணால் பார்த்து அடையாளம் சொல்லக்கூடியவர்கள் ஊரில் மிச்சமில்லை. ஆசாரியர்களாலும் தளபதியாலும் தீர்க்க முடியாத இந்த வழக்கு ஈரங்கொல்லி ஒருவரிடம் போகிறது. பெருமாளின் ஆடைகளைத் துவைத்துக் கொடுத்த வண்ணார் அவர். வயதாகிக் கண் பார்வை போய்விட்டது. "பார்க்கத்தான் முடியாது. திருமஞ்சனம் ஆன ஈர ஆடையைப் பிழிந்த தீர்த்தத்தைக் கொடுங்கள், சொல்கிறேன்" என்கிறார். இரண்டு மூர்த்திகளுக்கும் திருமஞ்சனம் செய்து, இரண்டு ஈரவாடைத் தீர்த்தத்தையும் கொடுக்கிறார்கள். ஒன்றில் அவருக்குப் பழைய கஸ்தூரி மணம் தெரிகிறது. இவரே நம் பெருமாள் என்கிறார். நம்பெருமாள் என்ற பெயர் உற்சவருக்கு நிலைத்தது அன்றைக்குத்தான் என்பார்கள்.

தெய்வத்தின் அடையாளத்தை உறுதி செய்ய ஒரு வண்ணாரின் நாக்கையும் மூக்கையும் நம்பினார்கள் என்பது ஒரு பக்கம். அதைவிட என்னை நிறுத்தியது அடுத்தது. தோற்றுப்போன மூர்த்தியை அவர்கள் ஆற்றில் போடவில்லை. அவருக்குத் திருவரங்க மாளிகையார் என்று பெயர். இன்றும் நம்பெருமாளோடு இருக்கிறார். யாகசாலைக்கு எழுந்தருள்பவர் அவர்தான். இத்தனை ஆண்டு பூஜை வாங்கியவரை ஒரே நாளில் போலி என்று சொல்லிவிட ஊருக்கு மனம் வரவில்லை. ஒருவரை ஏற்கும்போது இன்னொருவருக்கும் ஒரு வேலையையும் மரியாதையையும் கண்டுபிடித்துக் கொடுத்தார்கள். நான் செய்தி சேகரித்த எத்தனையோ சமாதானக் கூட்டங்கள் இந்த ஒரு யோசனை இல்லாமல்தான் முறிந்துபோயின.

துலுக்க நாச்சியாரின் கதையை ஒழுகு முதல் படையெடுப்போடு சேர்த்துச் சொல்கிறது. சூறையாடிய பொருட்களோடு மூர்த்தியும் டில்லிக்குப் போகிறது. தினமும் பெருமாளைச் சேவிக்காமல் சாப்பிடாத கரம்பனூர்ப் பெண் ஒருத்தி படையின் பின்னாலேயே நடந்து போய், மூர்த்தி இருக்கும் இடத்தைத் தெரிந்துகொண்டு வருகிறாள். பின்சென்றவல்லி என்று அவளுக்குப் பெயர். அவள் வழிகாட்ட, கோயில் பரிவாரத்தில் அறுபது பேர் டில்லிக்குப் போய் சுல்தான் முன்னால் ஜக்கிணி நாட்டியம் ஆடி, பரிசாக மூர்த்தியைக் கேட்கிறார்கள். மூர்த்தியோ சுல்தான் மகளின் அந்தப்புரத்தில் அவளுக்குத் துணையாக இருக்கிறது. எடுத்துக்கொண்டு வந்துவிடுகிறார்கள். அவள் பிரிவு தாங்காமல் தேடி வந்து, இங்கே முடிந்துபோகிறாள். மேல்கோட்டையிலும் பீபி நாச்சியார் என்று இதே சாயலில் ஒரு கதையும் வழிபாடும் உண்டு. அங்கே கதையில் வருபவர் இராமானுசர்.

வரலாற்றாசிரியர்கள் இளவரசியை நடந்த உண்மையாக எடுத்துக்கொள்வதில்லை. எனக்கு அதில் வழக்கும் இல்லை. இப்படி ஒரு கதை தங்களுக்குத் தேவை என்று கொலையும் கொள்ளையும் பட்ட ஊர் முடிவு செய்ததே, அது நடந்த உண்மைதான். நடந்த கொடுமையைக் காதல் கதையாக்கி மூடிவிட்டார்கள் என்று சிலர் சொல்வதுண்டு. பன்றியாழ்வான் மேட்டின் தலைகளை எண்ணி வைத்திருப்பதும் அதே மரபுதானே. எதையும் மூடவில்லை. சுல்தானின் கையிலிருந்து மூர்த்தியைப் பிரித்துக்கொண்டு, அந்த வம்சத்துப் பெண்ணை நாச்சியார் வரிசையில் வைத்தார்கள். உறையூர்ச் சோழன் மகள் கமலவல்லி எந்த வரிசையில் இருக்கிறாளோ அந்த வரிசை.

வேறொரு பேச்சும் உண்டு. என் வீட்டாரே கேட்பார்கள்: "அவ அத்தா, அம்மா, மார்க்கம் எல்லாத்தையும் விட்டுட்டு வந்தப்புறம்தானே ஏத்துக்கிட்டாங்க. இதுல நமக்கு என்ன இருக்கு?" நியாயமான கேள்வி. தன்னுடையதையெல்லாம் கழற்றி வைத்தவளுக்குக் கிடைத்த இடம் அது என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால் ரொட்டியைக் கழற்றச் சொல்லவில்லையே என்று பதில் சொல்வேன். புளியோதரையும் அக்காரவடிசிலும் மடைப்பள்ளியில் கொதிக்கும் கோயிலில், அவளுக்கு அவள் வீட்டுச் சாப்பாடு. அரங்கன் அவளிடம் வரும்போது அவள் ஊர் உடுப்பை உடுத்துகிறான். வந்தவள் மட்டும் மாறவில்லை, வீட்டுக்காரரும் கொஞ்சம் மாறினார். மருமகளை எடுக்கும் எந்தக் குடும்பத்துக்கும் இதன் அருமை தெரியும்.

ஆற்றுக்கு இந்தப் பக்கம் எங்களுக்கு நத்தர்வலி பாதுஷா. என் நன்னி வியாழக்கிழமை அஸருக்குப் பிறகு அவருடைய தர்காவுக்கு என்னைக் கைபிடித்து அழைத்துப் போவார். சாம்பிராணியும் ரோஜாவும் சந்தனமும் கலந்த வாடை, வாசலில் தாயத்துக் கட்ட நிற்கும் பிள்ளைகள், முக்காடு போட்டவர்களுக்குச் சமமாகப் பூ வைத்த பெண்கள். தர்கா மரபு அவரை 11ஆம் நூற்றாண்டில் இங்கே அடங்கியவராகச் சொல்கிறது. சிரியா தேசத்து அரச குடும்பம், பட்டத்தை உதறிவிட்டுக் கலந்தர்களோடு வந்தவர். இந்த ஊரில் மூன்று தலை அசுரன் ஒருவனை வென்றார் என்பது நன்னி சொன்ன கதை. பிறகு பள்ளிக்கூடத்தில் மலைக்கோட்டையின் தலபுராணம் சொல்லிக் கொடுத்தார்கள். அங்கேயும் மூன்று தலை அசுரன். திரிசிரன். அவன் சிவனைப் பூசித்த ஊர் என்பதால் இந்தப் பெயர் என்றார் வாத்தியார். ஒரே அசுரன் இரண்டு பேருடைய கதையிலும் இருந்தது அந்த வயதில் எனக்கு ஆச்சரியமாகவே படவில்லை. ஒரே ஊர் என்றால் அப்படித்தான் இருக்கும் என்று நினைத்தேன். தர்கா இருக்கும் இடத்தில் முன்பு கோயில் இருந்தது என்று ஆங்கிலேயர் காலத்து மாவட்ட நூல்கள் எழுதியதை வளர்ந்த பிறகு படித்தேன். அதையும் இங்கே சொல்லித்தான் ஆகவேண்டும். ஒரு பக்கத்துக் காயத்தை மட்டும் எழுதிக்கொண்டு போவது என் தொழிலுக்கு அடுக்காது.

இந்தத் தர்காவுக்கு 1701இல் நிலங்களை மானியமாகக் கொடுத்தது இராணி மங்கம்மாள் ஆட்சி. மதுரை நாயக்கர்களின் தலைநகரம் அப்போது திருச்சி. பேரன் விஜயரங்க சொக்கநாதனின் பெயரில் மங்கம்மாள் ஆண்ட காலம் அது. ஸ்ரீரங்கத்துக்கு அவர்கள் கொடுத்தது கொஞ்சமல்ல. விஜயரங்க சொக்கநாதன் குடும்பத்தோடு கைகூப்பி நிற்கும் தந்தச் சிற்பங்கள் கோயில் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. கோயிலுக்குத் தங்கம் கொடுத்த கருவூலம்தான் பாதுஷாவுக்கும் நிலம் கொடுத்தது.

அதே வம்சத்தின் கடைசி அரசி மீனாட்சியை ஏமாற்றியவர் சந்தா சாகிப். குர்ஆன்மேல் சத்தியம் செய்து கோட்டைக்குள் வந்தார், 1736இல் ஊரைப் பிடித்துக்கொண்டார், அரசி நஞ்சருந்தி இறந்தாள். ஊர் இதை மறக்கவில்லை. சத்தியம் செய்தது புத்தகத்தின்மேல்கூட இல்லை, பட்டுத் துணியில் சுற்றிய செங்கல்மேல் என்றும் சொல்வார்கள். புத்தகத்தைக் குற்றத்திலிருந்து விலக்கி வைக்கத்தான் யாரோ அந்தச் செங்கல்லைக் கதைக்குள் கொண்டுவந்திருக்கவேண்டும் என்பது என் எண்ணம்.

பிறகு வந்த கர்நாடகப் போர்களில் திருச்சி பட்ட பாட்டைப் புத்தகம் புத்தகமாக எழுதியிருக்கிறார்கள். எனக்கு வேண்டியது 1752 ஜூன் மாதத்தில் நடந்த ஒன்று. ஆற்காட்டு நவாப் பதவிக்கு இரண்டு பேர் போட்டி. கோட்டைக்குள் ஒருவரான முகமது அலியும் ஆங்கிலேயரும். வெளியே சந்தா சாகிபும் பிரெஞ்சுக்காரரும். முற்றுகை தோற்றுப்போய், பிரெஞ்சுப் படை ஸ்ரீரங்கம் தீவுக்குப் பின்வாங்கியது. திருவானைக்கா கோயிலில் பிரெஞ்சுத் தளபதி லா, ஸ்ரீரங்கம் கோயிலில் சந்தா சாகிபின் ஆட்கள். கடைசியில் லா சரணடைந்தார். சந்தா சாகிபைத் தஞ்சாவூர்த் தளபதி தலை வெட்டிக் கொன்றார். ஸ்ரீரங்கம் கோயிலுக்குள் இருந்தவர்களில் சந்தா சாகிபின் இராஜபுத்திர வீரர்கள் ஆயிரம் பேர் இருந்தார்கள். தலைவன் செத்தாயிற்று, போர் முடிந்தாயிற்று. ஆனாலும் மூன்றாம் பிராகாரத்தைத் தாண்டி எவனாவது வந்தால் உயிரோடு விடமாட்டோம் என்று கதவை அடைத்துக்கொண்டார்கள். ஆங்கிலேயரே அவர்கள் உறுதியைக் கண்டு மதித்து, உள்ளே வரமாட்டோம் என்று வாக்குக் கொடுத்தார்கள். அந்தப் போரை எழுதிய இராபர்ட் ஓர்ம் இதைக் குறித்து வைத்திருக்கிறார். முஸ்லிம் நவாபுக்குச் சம்பளத்துக்கு வந்த வடநாட்டு இந்து வீரர்கள், தமிழ்க் கோயிலின் வாசலை, இன்னொரு முஸ்லிம் நவாபின் வெள்ளைக்காரக் கூட்டாளிகளிடமிருந்து காத்தார்கள். இதை எந்த இரண்டு கட்சியாகப் பிரித்து இன்றைக்குத் தலைப்புப் போடமுடியும்?

வெட்டுண்ட சந்தா சாகிபும், அவரை வென்று ஆற்காட்டு நவாபாக நீண்டகாலம் இருந்து 1795இல் சென்னையில் இறந்த முகமது அலியும் நத்தர்வலி தர்காவிலேயே அடக்கம். நாட்டைப் பங்கு போடமுடியாமல் இத்தனை உயிரை வாங்கியவர்கள் ஒரே பாதுஷாவின் வாசலில் கிடக்கிறார்கள். அதே முகமது அலியின் ஆட்சியில்தான் ஷ்வார்ட்ஸ் பாதிரியார் 1766இல் கோட்டைக்குள் கிறிஸ்து ஆலயத்தைக் கட்டினார். 1883இல் நாகப்பட்டினத்திலிருந்து யேசு சபையாரின் செயின்ட் ஜோசப் கல்லூரி இங்கே வந்தது. ராமேசுவரத்துப் பையன் அப்துல் கலாமும் ஸ்ரீரங்கத்துப் பையன் ரங்கராஜனும் அங்கேதான் 1950களில் ஒரே காலத்தில் படித்தார்கள். ஒருவர் குடியரசுத் தலைவரானார், இன்னொருவர் சுஜாதாவானார்.

இதுவரை சொன்னதைப் படித்துவிட்டுத் திருச்சி சமத்துவம் பூத்த ஊர் என்று யாரும் எண்ணிக்கொள்ளக் கூடாது. மதத்துக்கு மதம் உறவுமுறை கண்டுபிடித்த ஊர், சாதிக்குச் சாதி சுவர் கட்டியது. மேலப்புதூர் கல்லறைத் தோட்டத்தில் சாதிக் கிறிஸ்தவர்களையும் தலித் கிறிஸ்தவர்களையும் பிரித்து நின்ற சுவரைப் பற்றி நான் எழுதியிருக்கிறேன். இடுப்பளவு உயரம்கூட வேண்டாம், செத்தவர்களைப் பிரிக்க ஒரு வரிசைச் செங்கல் போதும். கல்லறைத் திருநாளில் அங்கே போய் நின்றால், இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஒரே மெழுகுவர்த்தி, ஒரே செவ்வந்தி, ஒரே ஜெபம்.

அந்தச் செய்தியை எழுதும்போது எங்கள் தொழிலின் ஒரு பழக்கம் எனக்கு முதன்முதலாக உறுத்தியது. மோதல் செய்தியில் மதத்தின், சாதியின் பெயரைப் போடமாட்டோம், இரு பிரிவினர் என்றே எழுதுவோம். நல்ல நோக்கத்தில் வந்த பழக்கம். 1992 டிசம்பர் 6 இரவு டெலிபிரிண்டரில் அயோத்திச் செய்தி கொட்டிக்கொண்டிருந்தபோது, எங்கள் மூத்த உதவி ஆசிரியர் ஒவ்வொரு வரியாக நிறுத்திப் பெயர்களை அடித்தார். வதந்தி பரவினால் விடிவதற்குள் எங்கே என்ன ஆகும் என்று தெரியாத இரவு அது. அவர் செய்தது சரி. இன்றும் சரி என்பேன். ஆனால் சுவர் கட்டியவரும் சுவருக்கு அந்தப்புறம் தள்ளப்பட்டவரும் இரு பிரிவினர் ஆகிவிட்டால் நடந்தது என்ன என்றே வாசகருக்குத் தெரியாது. கல் வீச்சுக்குப் பொருந்தும் விதி, நூறாண்டு அவமானத்துக்குப் பொருந்தாது. அதன் பிறகு சாதிக் கொடுமையை எழுதும்போது யார் யாருக்கு என்ன செய்தார்கள் என்று பெயரோடு எழுத அனுமதி கேட்பேன். சில நாள் கிடைக்கும். கிடைக்காத நாட்களில் குறிப்பேட்டில் எழுதி வைத்துக்கொண்டேன்.

ஸ்ரீரங்கத்தில் நான் பார்த்த பெரிய பதற்றம் 2006 டிசம்பரில். ராஜகோபுரத்துக்கு எதிரே பெரியார் சிலை வைக்க 1970களில் அன்றைய நகராட்சி இடம் ஒதுக்கியிருந்தது. சிலை எழும்பித் திறப்பு விழாவுக்குக் காத்திருந்தபோது, 7ஆம் தேதி விடியற்காலையில் அதை உடைத்தார்கள். செய்தி வெளியூர்களுக்குப் பரவி, அங்கெல்லாம் பதிலுக்குப் பதில் நடந்தது. எங்கள் தெருக்களில் போலீஸ். மாதக் கடைசியில் வைகுண்ட ஏகாதசி. லட்சக்கணக்கில் ஜனம் வரப்போகிறது. என் போட்டோகிராபர் நண்பர் அதற்குள் ஓய்வு பெற்றுவிட்டார். வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்திருந்தவரிடம் என்ன ஸ்வாமி நினைக்கிறீர்கள் என்றேன்.

"சிலை எனக்குப் பிடிக்கலே. உடைச்சது அதைவிடப் பிடிக்கலே. நம்ம கோயில் விக்கிரகத்தை ஒடச்சவாளைத்தானே எழுநூறு வருஷமா சொல்லிண்டிருக்கோம்? நாமளே அதைப் பண்ணலாமோ? பேர் போடாம எழுதிக்கோங்கோ."

பெயர் போடாமல்தான் எழுதினேன். பக்கத்தில் இடமில்லாமல் அது வரவில்லை. சில நாட்களிலேயே வெண்கலச் சிலை வந்து நின்றது. ஏகாதசியும் நடந்தது. கடவுள் இல்லை என்றவரின் சிலையைக் கடந்துதான் சொர்க்கவாசலுக்குப் போகிறவர்கள் இன்றும் போகிறார்கள். இரண்டு தரப்பும் ஒன்றையொன்று ஏற்றுக்கொண்டதாக நான் சொல்லமாட்டேன். ஆனால் 236 அடிக் கோபுரத்தின் எதிரிலேயே, வழிபடுகிறவர் நடந்துபோகும் அளவுக்கு ஒரு பாதை மிச்சம் இருக்கிறது. அந்தப் பாதை தினமும் புழங்குகிறது.

வாசலுக்கு வெளியே நின்றே பார்க்கக்கூடியவை இந்த ஊரில் நிறைய. தைப்பூசத்தன்று கொள்ளிடக் கரைக்குச் சமயபுரத்து மாரியம்மன் தீர்த்தவாரிக்கு வருவாள். ஸ்ரீரங்கத்திலிருந்து அண்ணன் ரங்கநாதர் தங்கைக்கு அனுப்பும் சீர், பட்டுப்புடவையும் மாலையும் மங்கலப் பொருட்களுமாக மேளத்தோடு கரைக்கு வரும். வைணவ ஆகமத்தில் ஊறிய கோயில், வேப்பிலையும் தீச்சட்டியுமாக வரும் ஜனங்களின் தெய்வத்தைத் தங்கை என்கிறது. நான் அந்தக் கரையில் நின்று கண்குளிரப் பார்த்திருக்கிறேன். பங்குனியில் நம்பெருமாள் காவிரியைக் கடந்து உறையூருக்குக் கமலவல்லியைப் பார்க்கப் போகும்போது தெருவில் நின்றும் பார்த்திருக்கிறேன். திரும்பி வந்ததும் நடக்கும் மட்டையடியை மட்டும் நண்பர் சொல்லித்தான் கேட்டேன். ரங்கநாயகித் தாயார் கதவைச் சாத்திக்கொள்வார். பெருமாளின்மேல் பூவும் வெண்ணெயும் பறக்கும். போனது மோதிரம் தேட என்று பெருமாள் பக்கத்தில் சாக்குச் சொல்வார்கள், தாயார் பக்கத்தில் அதை நம்பமாட்டார்கள். அரையர்கள் இரண்டு பக்கத்துப் பேச்சையும் படிப்பார்கள். கடைசியில் நம்மாழ்வார் வந்து சமாதானம் செய்துவைப்பார். அதன் பிறகுதான் பங்குனி உத்திரத்துச் சேர்த்தி. வேளாளர் குலத்தில் பிறந்தவராக மரபு சொல்லும் ஆழ்வார், தெய்வக் குடும்பத்துச் சண்டையில் மத்தியஸ்தர். ஒவ்வொரு வருடமும் கோபம் முழுசாகச் சொல்லப்படுகிறது, கேட்கப்படுகிறது. அதைச் சுருக்கிவிட்டு நேராகச் சேர்த்திக்குப் போவதில்லை.

ஓய்வு பெற்ற பிறகு நடந்த ஒன்றோடு முடிக்கவேண்டும். 2021 டிசம்பரில் பரதநாட்டியக் கலைஞர் ஜாகிர் உசேன் அரங்கனைச் சேவிக்கப் போனார். பெயர் முஸ்லிம் பெயர், ஆனால் பக்தியும் வாழ்க்கையும் வைணவம். வைணவம் பற்றி மேடை மேடையாகப் பேசுகிறவர், ஆண்டாளை ஆடுகிறவர். அவரை ஒருவர் தடுத்து வெளியே அனுப்பினார். அறநிலையத் துறை விசாரணை என்றது, தொலைக்காட்சிகள் பல நாள் விவாதித்தன. யார் இந்து, யார் உள்ளே வரலாம் என்ற கேள்வி பிறகும் ஓயவில்லை. 2024 ஜனவரியில் பழனி கோயில் வழக்கில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, கொடிமரத்துக்கு அப்பால் இந்து அல்லாதவர் போகக்கூடாது, நம்பிக்கையுள்ளவர் உறுதிமொழி எழுதிக் கொடுத்துவிட்டுப் போகலாம் என்று தீர்ப்பளித்தது. நான் எழுதிக் கொடுக்கமாட்டேன். என் நம்பிக்கை வேறு, ஆரியபடாள் வாசலுக்கு இந்தப் பக்கம் நிற்பதில் எனக்குக் குறையொன்றும் இல்லை. ஆனால் ஜாகிர் உசேனின் நம்பிக்கை அரங்கன்தான். ரொட்டியும் கைலியும் வழங்கும் சந்நிதிக்கு அவர் போக, அவர் பெயர் தடையாக நின்றதை நினைத்து நான் வேதனைப்பட்டேன். துலுக்க நாச்சியாரை ஏற்றுக்கொண்ட மரபு அவரை எந்த வாசலில் நிறுத்தியிருக்கும் என்று அன்று முழுவதும் யோசித்தேன். நண்பர் உயிரோடு இருந்தால் ஒரு பதில் சொல்லியிருப்பார்.

மூன்று ஆண்டு கழித்து, 2024 டிசம்பரில், அதே ஜாகிர் உசேன் நம்பெருமாளுக்கு ஒரு கிரீடம் கொண்டுவந்து கொடுத்தார். ஒரே மாணிக்கக் கல்லைக் குடைந்து, வைரமும் மரகதமும் பதித்தது. செய்து முடிக்க எட்டு ஆண்டுகள் ஆயின என்று செய்திகள் சொல்லின. அப்படியென்றால் அவரை வாசலில் தடுத்த நாளில் அந்தக் கல் ஏற்கெனவே பட்டறையில் இருந்தது. அன்றைக்கே வேலையை நிறுத்தச் சொல்லியிருக்கலாம். அவர் நிறுத்தச் சொல்லவில்லை. கோயில் பட்டர்கள் அதைக் கையில் வாங்கிக்கொண்டார்கள்.